விதாவைக் கூப்பிட்டிருக்கக் கூடாது

1

இந்தக் கதை எனக்கு எங்கே கிடைத்தது என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். ஒரு சமையலறையில். என் கையில் ஈரத்துணி. பக்கத்து அறையில் ஒரு கூட்டம் சாப்பிட்டுக்கொண்டும் சிரித்துக்கொண்டும் இருந்தது. அவர்களுக்கு இன்னொரு சுற்று பரிமாறிவிட்டு வந்த நெவேனா, பாத்திரம் கழுவும் தொட்டியைப் பிடித்தபடி நின்று நடந்ததையெல்லாம் என்னிடம் சொன்னாள். அழவில்லை. அழுதிருந்தால் தண்ணீர் கொடுத்திருப்பேன், முதுகைத் தடவியிருப்பேன், எனக்கு ஏதோ ஒரு வேலை இருந்திருக்கும். அவள் சொல்லச் சொல்ல நான் தட்டுகளைத் துடைத்துக்கொண்டே என்ன நினைத்தேன் தெரியுமா? நல்ல கதை என்று நினைத்தேன்.

சொல்லவே கூசுகிறது. ஆனாலும் எழுதிக்கொண்டுதான் இருக்கிறேன், நீங்களும் படித்துக்கொண்டுதான் இருக்கிறீர்கள்.

நெவேனாவிடம் அனுமதி கேட்டேன். "எழுது, நான் எழுதினதைவிட மோசமா உன்னால எழுத முடியாது" என்றாள். விதாவிடம் கேட்கவில்லை. பெயர்களை மாற்றியிருக்கிறேன். பெயரை மாற்றினால் போதும் என்று நெவேனாவும்தான் நினைத்தாள்.

2

தொடக்கங்கள்.

"நவம்பர் மாதத்து ஒரு மாலையில் நெவேனா தொலைபேசியை எடுத்தாள், வைத்தாள், மறுபடி எடுத்—"

(விட்டுவிட்டேன். தொலைபேசியை எடுத்து எடுத்து வைக்கும் பெண்களைப் படப்பிடிப்பில் பார்த்துப் பார்த்து எனக்கு அலுத்துப்போயிற்று.)

"பெல்கிரேடில் சாவா ஆறு டான்யூபோடு சேரும் இடத்தில் மாலை வெயில்—"

(இது சுற்றுலாத் துறையின் துண்டறிக்கை. இந்த ஊரில் இத்தனை காலம் குப்பை கொட்டியும் எனக்கு இப்படித்தான் வருகிறது.)

"விதா கோழை அல்ல."

(இதுதான் உண்மையில் எழுத நினைத்த முதல் வாக்கியம். எழுதிய உடனேயே அவளை அந்தச் சொல்லின் பக்கத்தில் கொண்டுபோய் நிறுத்திவிட்டேன் என்று தெரிந்தது. அழித்தாலும் நீங்கள் பார்த்தாயிற்று.)

சரி, சாதாரணமாகவே ஆரம்பிக்கிறேன்.

3

நெவேனாவும் விதாவும் பள்ளிக்கூடத்தில் ஒரே பெஞ்சு. நெவேனா கதை எழுதப் போனாள், விதா போலீஸுக்குப் போனாள். நெவேனாவின் கல்யாணத்தில் விதாதான் சாட்சி நின்றாள். இங்கே அப்படி நின்றவளும் மணப்பெண்ணும் ஒருவரையொருவர் கூமா என்பார்கள். கூடப்பிறந்தவளுக்கும் ஒரு படி மேல். கட்டினவன் பிறகு இன்னொருத்தியோடு போய்விட்டான். நெவேனா அப்பாவின் பழைய வீட்டுக்கே திரும்பி வந்துவிட்டாள். கூமா எங்கும் போகவில்லை.

'ஆறாவது மாடி' என்ற தொடரை இந்த ஊரில் பார்க்காதவர்கள் குறைவு. ரூஷா, தாரா என்று இரண்டு பெண் இன்ஸ்பெக்டர்கள். வாராவாரம் ஒரு கொலை. ஆனால் கொலைக்காக யாரும் பார்ப்பதில்லை. அந்த இரண்டு பேரும் வண்டியில் உட்கார்ந்து பேசிக்கொள்வதற்காகத்தான் பார்ப்பார்கள். முடி திருத்தும் கடைகளில் ரூஷா கட்சி, தாரா கட்சி என்று பிரிந்து சண்டை போடுவார்கள். எழுதுவது நெவேனா. ஒரு காட்சியில் வலது கையில் இருந்த கட்டு அடுத்த காட்சியில் இடது கைக்கு மாறிவிடாமல் பார்த்துக்கொள்வது என் வேலை. முக்கியமான வேலை என்று நான் சொல்லிக்கொள்வதுண்டு.

வண்டிப் பேச்செல்லாம் விதாவின் வாயிலிருந்து வந்தது. ஞாயிற்றுக்கிழமைகளில் அவள் நெவேனாவின் சமையலறைக்கு வந்து காப்பியை வைத்துக்கொண்டு தொடரைக் கிழிகிழியென்று கிழிப்பாள். ஒருநாள் நானும் இருந்தேன்.

"மூணு சீசன் ஆச்சு கூமா, உன் ரூஷா ஒரு தடவையாவது பாத்ரூம் போனாளா?" என்றாள். "நாள் முழுக்க வண்டியில உக்காந்து ஒருத்தன் வீட்டைப் பாத்துக்கிட்டிருந்தா, எங்களுக்குத் திருடனா பிரச்சினை? அதுதான் பிரச்சினை."

அடுத்த மாதமே தாரா ஒரு பெட்ரோல் பங்கின் கழிப்பறைக்குப் போன நேரத்தில் திருடன் தப்பினான். ஊரே சிரித்தது. தன் மானத்தைச் சந்தைக்குக் கொண்டுவந்துவிட்டாள் என்று விதா சொல்லிச் சொல்லிப் பெருமைப்பட்டாள். அப்போதெல்லாம் எடுத்துக்கொள்வது கொடுப்பது என்ற கணக்கு அவர்களுக்குள் இல்லை. இல்லை என்று நெவேனா நினைத்தாள்.

4

இந்தப் பகுதியை எழுதாமல் தாண்டிப் போக முடியுமா என்று இரண்டு நாள் பார்த்தேன். முடியவில்லை. இது இல்லாவிட்டால் உங்களுக்கு எதுவும் புரியாது. நெவேனாவும் தன் இயக்குநரிடம் ஏறத்தாழ இதைத்தான் சொன்னாளாம்.

விதாவும் கோசாரா என்ற இன்னொரு பெண்ணும் ஒரே வண்டியில் ரோந்து போன காலம். ஒரு அடுக்குமாடியில் ஒருவன் மனைவியைப் போட்டு அடிக்கிறான் என்று பக்கத்து வீட்டில் இருந்து புகார். கோசாரா முதலில் ஏறிப்போனாள். விதா வண்டியைப் பூட்டிவிட்டுப் பின்னாலேயே போயிருக்கவேண்டும். போகவில்லை. பயம் வந்துவிட்டது. உட்கார்ந்த இடத்திலேயே ஷூ லேஸை அவிழ்த்தாள், கட்டினாள், மறுபடி அவிழ்த்தாள். இதைக் கட்டி முடித்ததும் போவேன் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். அதற்குள் மேலே அவன் கோசாராவைப் படியில் தள்ளிவிட்டான். முழங்கால் போயிற்று. அதற்குப் பிறகு கோசாராவுக்கு வெளிவேலை கிடையாது; பழைய கோப்புகள் இருக்கும் நிலவறையில் உட்காரவைத்துவிட்டார்கள்.

வண்டிக் கதவு மாட்டிக்கொண்டது என்று விதா மேலதிகாரியிடம் சொன்னாள். ஆஸ்பத்திரியில் கோசாராவிடமும் அதையே சொன்னாள். உண்மையை ஒரே ஒருத்தியிடம்தான் சொன்னாள். எவளிடம் என்று உங்களுக்குத் தெரியும்.

நெவேனா அதை அப்படியே எடுத்து எழுதிவிடவில்லை. அவளுக்காக இதைச் சொல்லவேண்டும். தாரா அடிபடும் பகுதியில், ரூஷா ஒரு தொலைபேசி அழைப்பில் மாட்டிக்கொண்டு தாமதமாகிறாள் என்றுதான் முதலில் எழுதினாள். இயக்குநர் படித்துவிட்டு உதட்டைப் பிதுக்கினார்; இதை யாரும் நம்பமாட்டார்கள் என்றார். நெவேனா வீட்டுக்குப் போய் உட்கார்ந்தாள். எதை நம்புவார்கள் என்று அவளுக்குத் தெரியும். எழுதினாள். எழுதி முடித்ததும் சந்தோஷமாக இருந்ததாம். காப்பி போட்டுக்கொண்டு வந்து அந்தப் பக்கத்தை இன்னொரு தடவை படித்தாளாம். இதை அவள் சமையலறையில் என்னிடம் சொன்னபோது என் முகத்தைப் பார்க்கவில்லை.*

முடிவில் ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடக்கும் தாராவிடம் ரூஷா எல்லாவற்றையும் ஒப்புக்கொள்கிறாள். தாரா சற்று நகர்ந்து படுக்கையில் இடம் விடுகிறாள். இரண்டு பேரும் அந்தச் சின்னக் கட்டிலில் இடித்துக்கொண்டு படுத்துக் கூரையைப் பார்க்கிறார்கள். அவ்வளவுதான். நாடே அழுதது.

விதாவிடம் முன்கூட்டியே சொல்லிவிடலாம் என்று நெவேனா இருந்தாள். ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமையும் அவள் வந்தாள், காப்பி குடித்தாள், போனாள். சொல்லவில்லை.

* அந்தக் காட்சி படமாக்கப்பட்ட அன்று நடிகையின் காலடியில் மண்டி போட்டு, ஒவ்வொரு தடவையும் முடிச்சு ஒரே பக்கம் சாய்ந்திருக்கிறதா என்று பார்த்தவள் நான். நன்றாகப் பார்த்தேன். எனக்குப் பாராட்டுகூடக் கிடைத்தது.

5

கோசாராவை நான் பார்த்ததில்லை. அதனால் இந்தக் கதையில் எனக்கு நம்பிக்கை இல்லாத ஆள் அவள்தான்.

முதல் தடவை எழுதியபோது கைத்தடியும் சோகக் கண்ணுமாக ஒரு தெய்வப் பெண் வந்து நின்றாள். துரத்திவிட்டேன். இரண்டாவது தடவை ரக்கியா பாட்டிலும் கையுமாக, ஊரைத் திட்டிக்கொண்டு ஒரு— வேண்டாம். பார்க்காத பெண்ணை ஏன் குடிக்கவைக்க வேண்டும்? எனக்குத் தெரிந்தது அவள் பேசிய இரண்டு வாக்கியங்களும் ஒரு லேஸும்தான்.

லேஸ், கோசாரா விதாவிடமும் விதா நெவேனாவிடமும் சொன்னபடி, இதுதான்: அன்று காலையில் விதாவின் இடது ஷூவில் லேஸ் தொங்கிக்கொண்டிருந்தது. விழுந்து தொலையப்போகிறாய் என்று கோசாராவே கேலி செய்திருந்தாள். ஆம்புலன்ஸ்காரர்கள் கோசாராவைத் தூக்கிக்கொண்டு வெளியே வந்தபோது, தலை தொங்கிய நிலையில் அவள் கண்ணில் பட்டது விதாவின் ஷூக்கள். இரண்டிலும் புது முடிச்சு, இறுக்கமாக, இரட்டையாக. ஏன் அது மனசில் தங்கியது என்று அவளுக்கே தெரியாது. போலீஸ்காரி அல்லவா, கண்ணில் பட்டதெல்லாம் உள்ளே போய்விடும். பிறகு ஒரு வசந்தகால மாலையில், காலை நீட்டி உட்கார்ந்து டிவி பார்த்துக்கொண்டிருந்தவளுக்கு அது எங்கே பொருந்தும் என்று தெரிந்துவிட்டது.

எங்கள் தொடரில் எந்தத் துப்பும் இவ்வளவு சுத்தமாக அவிழ்ந்ததில்லை. (இந்த வாக்கியத்தை எடுத்துவிட வேண்டும். இதில் எனக்கு இருக்கும் ரசனை நல்லதல்ல.)

மறுநாள் விதா நெவேனாவுக்குத் தொலைபேசி செய்தாள். திட்டவில்லை. குரலை உயர்த்தவும் இல்லை.

"கோசாரா போன் பண்ணா," என்றாள். "டிவியில உனக்கு மன்னிப்புக் கெடைச்சிருச்சு போலிருக்கே, என்கிட்ட நீ கேக்கவே இல்லையேன்னா."

"விதா, நான் வந்து—"

"நீ நல்லா எழுதியிருக்கே நெவேனா. அதனாலதான் அவளுக்குப் புரிஞ்சுது."

கூமா என்று சொல்லவில்லை. அதற்குப் பிறகு ஞாயிற்றுக்கிழமைகளில் யாரும் வரவில்லை. நெவேனா இரண்டு முறை விதாவின் வீட்டுக்குக் கீழே வரை போய் நின்றுவிட்டுத் திரும்பினாள். கோசாராவிடம் போவதைப் பற்றி அவள் நினைக்கவே பயந்தாள்.

6

இப்போது நான் ஒரு வழக்கத்தைச் சொல்லவேண்டும். இந்த ஊர்க்காரர்களுக்கு இதைச் சொன்னால் சிரிப்பார்கள், ஆனால் நீங்கள் தமிழில் படிக்கிறீர்கள்.

ஒவ்வொரு குடும்பத்துக்கும் ஒரு காவல் புனிதர் உண்டு. அவருடைய நாள் அந்த வீட்டின் ஸ்லாவா. விளக்குக்குப் பதில் உயரமான மெழுகுவர்த்தி, ரொட்டி, சர்க்கரையும் வால்நட்டும் சேர்த்து மசித்த கோதுமை, பிறகு வயிறு வெடிக்கச் சாப்பாடு. அதற்கு யாரையும் அழைக்கக் கூடாது. நெருங்கினவர்களுக்கு நாள் தெரியும், அவர்களாக வருவார்கள். வந்தவர்களை வீட்டுக்காரர் உள்ளே விட்டே ஆகவேண்டும். கல்யாணத்துக்கு அழைப்பு உண்டு, பிறந்தநாளுக்கு உண்டு, ஸ்லாவாவுக்கு மட்டும் கிடையாது. ஒருவரை அழைத்தால், உனக்கு நாள் தெரிந்திருக்க வாய்ப்பில்லை, நீ வெளியாள் என்று சொன்னது போல.

நெவேனாவின் வீட்டு ஸ்லாவா நவம்பரில், புனித திமித்ரியின் நாள். பள்ளிக்கூடக் காலத்திலிருந்து விதா வராத வருஷம் இல்லை. முதலில் வருவாள், கடைசியில் போவாள், அடுப்படியில் நின்று உப்பு போதவில்லை என்பாள்.

முந்தின நாள் கோதுமையை வேகவைத்துக்கொண்டிருந்தபோது நெவேனாவுக்குக் கைகால் ஓடவில்லை. விதா வரமாட்டாள் என்று பயந்தாள். தன் வெட்கத்தை விழுங்கிக்கொண்டு ஒரு அடி எடுத்து வைக்கிறோம், அவளும் ஒரு அடி வைப்பாள் என்று நினைத்தாள். தொலைபேசியை எடுத்தாள்.

"கூமா, நாளைக்கு ஸ்லாவா. நீ வரணும். எல்லாரும் சாயந்திரம் வருவாங்க, நீ கொஞ்சம் முன்னாடியே வந்துடு."

விதா கேட்டாள்:

"என்னைக் கூப்பிடுறியா?"

அந்த நிமிஷத்தில் நெவேனாவுக்கு உறைத்துவிட்டது. ஆனால் வாய் நிற்கவில்லை. இல்லை, நீ வரமாட்டியோ என்று, அதனால்தான், தப்பாக எடுத்துக்கொள்ளாதே என்று என்னென்னவோ சொன்னாள். சொல்லச் சொல்ல அழைப்பு இன்னும் பெரிதாகிக்கொண்டே போயிற்று.

"சரி. கூப்பிட்டதுக்கு ரொம்ப நன்றி," என்றாள் விதா. கடைக்காரரிடம் மீதிச் சில்லறை வாங்கும்போது சொல்கிற நன்றி.

திருடியதைக்கூட ஒருநாள் பேசித் தீர்த்திருக்கலாம் என்று நெவேனா என்னிடம் சொன்னாள். கூமாவைக் கூப்பிட்டதை எப்படித் தீர்ப்பது என்றாள்.

7

நீங்கள் ஊகித்தபடியே விதா வரவில்லை. மற்ற எல்லோரும் வந்தார்கள். தொடரின் தயாரிப்பாளர், மாமா வீட்டுக்காரர்கள், பழைய அண்டை வீட்டு அம்மா ஒருத்தி. ரக்கியா இரண்டு சுற்று போனதும் தயாரிப்பாளர் எழுந்து நின்று, வீட்டுக்காரிக்கு என்று கோப்பையைத் தூக்கினார். ரூஷா லேஸ் கட்டும் காட்சியைப் போல் இந்த நாட்டுத் தொலைக்காட்சியில் இதுவரை வந்ததில்லை என்றார். அண்டை வீட்டம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டாள்.

"நெசமா நடந்த மாதிரியே இருந்துச்சும்மா. இதெல்லாம் உனக்கு எப்படித்தான் தோணுது?"

"இன்னும் ரெண்டு சர்மா வைக்கட்டுமா?" என்றாள் நெவேனா, முட்டைக்கோஸ் இலையில் கறி சுற்றி வேகவைத்த தட்டை நீட்டி. வைத்தாள். பிறகு சமையலறைக்கு வந்தாள். நான் ஈரத்துணியோடு நின்றிருந்தேன்.

கதையைத் தொடங்கிய இடத்துக்கு வந்துவிட்டேன். கௌரவமான எழுத்தாளர் இங்கே நிறுத்தியிருப்பார். ஆனால் டிசம்பரில் இன்னொன்று நடந்தது.

8

டிசம்பரில் புனித நிக்கோலாவின் நாள். பெல்கிரேடில் பாதி வீடுகளில் அன்றுதான் ஸ்லாவா. மீதிப் பாதி விருந்துக்குப் போகும். நோன்புக் காலம் என்பதால் இறைச்சி இல்லை, எல்லா மாடிப்படியிலும் மீன் பொரிக்கும் வாசனை. விதாவின் குடும்பத்துக்கும் அதுதான் நாள்.

நெவேனாவை யாரும் அழைக்கவில்லை. அழைக்கவும் மாட்டார்கள். போகாவிட்டால் இந்த உறவு முடிந்தது என்று அவளே கையெழுத்துப் போட்ட மாதிரி. போனால் விதா கதவைத் திறந்தே ஆகவேண்டும். அது மன்னிப்புக் கேட்கப் போவதா, அவளை அவள் வாசலிலேயே மடக்குவதா? ஒரு வாரம் இதையே என்னிடம் கேட்டுக் கேட்டு என் உயிரை வாங்கினாள். கோசாராவிடம் போய் முதலில் பேசு என்றேன். போனாள். கோசாரா கதவைப் பாதி திறந்து, விஷயத்தைக் கேட்டுவிட்டு, "உங்களுக்கும் எனக்கும் என்ன இருக்கு? அது எனக்கும் அவளுக்கும்" என்று மூடிவிட்டாளாம். (கோசாராவின் இரண்டு வாக்கியங்கள் இப்போது நான்காகிவிட்டன. அவளை இன்னும் எனக்குத் தெரியாது.)

முடிவுகள்.

முதல் முடிவு: விதாவின் வீட்டு மேசையில் கோசாரா உட்கார்ந்திருக்கிறாள். நெவேனாவைப் பார்த்ததும் காலை மடக்கிக்கொண்டு பக்கத்தில் இடம்—

(அடித்துவிட்டேன். இது ஆஸ்பத்திரிக் கட்டில். இதே திருட்டை இரண்டாம் தடவை செய்கிறேன். கோசாரா அங்கே வரவில்லை. வருவாளா என்று யாருக்கும் தெரியாது.)

இரண்டாவது முடிவு: நெவேனா மணியை அடிக்கிறாள். உள்ளே பேச்சு நிற்கிறது. கதவு திறக்கவே—

(இதுவும் பொய். ஸ்லாவா அன்று கதவைத் திறக்காத வீடு இந்த ஊரில் இல்லை. எனக்குச் சோகமாக முடிக்க ஆசை, அவ்வளவுதான்.)

நடந்தது: நெவேனா ஒரு பாட்டில் ஒயினும் காப்பித்தூள் பொட்டலமுமாகப் போனாள். மணி அடித்தாள். விதா திறந்தாள். பின்னால் உறவினர்களின் சத்தம். விதா ஒரு நொடி பார்த்தாள், உள்ளே திரும்பினாள், கோதுமைத் தட்டோடு வந்தாள். வருகிற ஒவ்வொருவருக்கும் வாசலிலேயே அதை நீட்டவேண்டும். வந்தவர் சிலுவைக் குறி இட்டு ஒரு கரண்டி சாப்பிடவேண்டும். நெவேனா கரண்டியை எடுத்தாள். கொஞ்சம் கீழே சிந்தியது. சாப்பிட்டாள். விதா தட்டை அசையாமல் பிடித்துக்கொண்டிருந்தாள்.

"உள்ள வா," என்றாள். "கதவு தொறந்திருந்தா குளிர் வருது."

மேசையின் ஓரத்தில் ஒரு நாற்காலி கிடைத்தது. மீன் வந்தது, உருளைக்கிழங்கு வந்தது. மற்றவர்களுக்கு எவ்வளவு வைத்தாளோ அவ்வளவே நெவேனாவுக்கும் வைத்தாள். ஒரு துண்டு கூடவும் இல்லை, குறையவும் இல்லை. கிளம்பும்போது கதவு வரை வந்தாள். எல்லோருடனும் கதவு வரை வந்தாள்.

மறுநாள் படப்பிடிப்பில் நெவேனா என்னை ஒரு மூலைக்கு இழுத்துக்கொண்டு போனாள். "உள்ள வான்னா," என்றாள். "அது எனக்காகச் சொன்னதா? இல்ல, யாரு வந்து நின்னாலும் அதைத்தான் சொல்லியிருப்பாளா?"

எனக்குத் தெரியவில்லை. தெரியும் என்றும் சொல்ல முடியும். இரண்டில் எதையும் நீங்கள் நம்பும்படி எழுத என்னால் முடியும், அதுதான் பயமாக இருக்கிறது. உண்மையை அறிய ஒரே வழி விதாவிடம் கேட்பது. நெவேனாவால் கேட்க முடியாது. இத்தனையையும் அவளுக்குத் தெரியாமல் எழுதி உங்களிடம் கொடுத்துவிட்ட நான் எந்த முகத்தோடு போய்க் கேட்பேன்? நீங்கள் கேட்கலாம். கேட்டால், அவள் சொல்லும் பதிலை என்னிடம் கொண்டுவராதீர்கள். நான் எழுதிவிடுவேன்.